கட்டாத கோயிலுக்கு மூன்று பறவைகள்

ருமேனியச் சிற்பி பிரான்குசியைப் பற்றி எழுத வருகிறவர்கள் எல்லாரும் முதலில் அந்த அமெரிக்கச் சுங்கத்துறை வழக்கைச் சொல்லிவிடுகிறார்கள். நானும் சொல்லி முடித்துவிடுகிறேன். 1926-இல் அவருடைய ‘விண்ணில் பறவை’ வெண்கலச் சிற்பம் ஒன்று நியூயார்க் துறைமுகத்தில் இறங்கியது. கலைப்படைப்பு என்றால் வரி கிடையாது. அதிகாரிகளுக்கு அதில் சிறகும் தெரியவில்லை, அலகும் தெரியவில்லை. சமையலறைச் சாமான்களும் மருத்துவமனைப் பொருட்களும் வரும் இனத்தில் அதைச் சேர்த்து 40 சதவீத வரி போட்டார்கள். சிற்பத்தை வாங்கிய புகைப்படக் கலைஞர் எட்வர்ட் ஸ்டைக்கனிடம், காட்டில் இதைப் பார்த்திருந்தால் பறவை என்று சுட்டிருப்பீர்களா என்றுகூட நீதிமன்றத்தில் கேட்டார்கள். 1928-இல் தீர்ப்பு சிற்பியின் பக்கம் வந்தது. பறவையோடு சேர்த்துப் பார்ப்பது கொஞ்சம் கடினம்தான், ஆனாலும் பார்க்க அழகாக இருக்கிறது, தேர்ந்த சிற்பியின் சொந்தப் படைப்பு என்பதும் நிரூபணமாகிவிட்டது, ஆகவே கலைதான் என்றார்கள்.

கதை நன்றாக இருக்கிறது. நன்றாக இருப்பதாலேயே எனக்கு அதன்மேல் ஓர் அலுப்பு. வழக்கில் இரண்டு தரப்பும் ஒரு விஷயத்தில் பேசாமலே ஒத்துப்போயின. சிற்பம் என்பது ஒரு பொருள். பெட்டியைத் திறந்து நீதிமன்ற மேசையில் நிறுத்தி வைத்தால் போதும், அது என்ன என்று முடிவு செய்துவிடலாம். பிரான்குசி ஒருநாளும் அப்படி நினைத்தவர் இல்லை. எதன்மேல் நிற்கிறது, பக்கத்தில் என்ன இருக்கிறது, வெளிச்சம் எங்கிருந்து விழுகிறது, பார்க்க வருகிறவர் எந்த வழியாக வந்து சேர்கிறார் என்பதெல்லாம் அவருக்குச் சிற்பத்தின் பாதி. இப்படி ஒருவர் செய்த பறவைகளுக்கு இடம் கிடைக்காமல் போனது பற்றித்தான் இத்தனை நாளாக எனக்குள் ஒரு குடைச்சல்.

பசதேனா

சித்தி தன் மகன் வீட்டுக்குக் கலிபோர்னியா வந்திருந்தார். ஊர் சுற்றிக்காட்டும் பொறுப்பு என் தலையில் விழுந்தது. கடற்கரை, பூங்கா எல்லாம் முடிந்த பிறகு, பசதேனாவில் உள்ள நார்ட்டன் சைமன் மியூசியத்தில் நம் ஊர்ச் சாமிகள் இருக்கிறார்கள் என்று ஆசைகாட்டி அழைத்துப்போனேன். ஆசியச் சிற்பங்கள் கீழ்த்தளத்தில் இருக்கின்றன. சோழர் கால வெண்கலங்களின் முன்னால் சித்தி செருப்பைக் கழற்றப் போனார், நான்தான் தடுத்தேன். ஒவ்வொரு திருமேனியின் முன்னாலும் நின்று, “ஏனப்பா, இது எந்த ஊர்ச் சாமி?” என்று கேட்டபடியே வந்தார். அட்டையில் தமிழ்நாடு என்றும் ஏறக்குறைய இந்த நூற்றாண்டு என்றும் மட்டும்தான் போட்டிருந்தது. ஊர்ப் பெயர் இல்லாத சாமி அவருக்குப் பிடிபடவில்லை. “தமிழ்நாடு என்றால்? அங்கே எவ்வளவு ஊர் இருக்கிறது!”

ஓர் அம்மன் முன்னால் நெடுநேரம் நின்றோம். மூக்கும் உதடும் மழுங்கியிருந்தன. சந்தனமும் பாலும் எண்ணெயும் நூற்றாண்டுக்கணக்கில் ஊற்றித் தேய்த்துத் துடைத்த கைகள் செய்த மழுக்கல் அது. சிற்பியின் உளி தொட்ட கூர்மை நெற்றிப்பட்டத்தின் பின்பக்கத்தில், கை எட்டாத இடத்தில் மட்டும் மிச்சமிருந்தது. பீடத்தின் பக்கவாட்டில், தண்டு கோத்துத் தோளில் தூக்கிப் போவதற்கான துளைகள். வீதிக்குப் போகவேண்டியவர் என்பதற்குப் பீடமே சாட்சி. இங்கே அந்தத் துளைகளின் வழியாகப் பின்னால் இருந்த சுவரின் சாம்பல் நிறம் தெரிந்தது.

பிறகு மேல்தளம். இருபதாம் நூற்றாண்டுப் பகுதியில் பிரான்குசியின் வெண்கலப் பறவை, 1931-ஆம் ஆண்டைச் சேர்ந்தது. ஏறக்குறைய ஆள் உயரம். கீழே சின்னப் பாதம் போல ஒரு கூம்பு. அது குறுகிக் குறுகி ஒரு கைப்பிடிக்குள் அடங்கும் அளவுக்கு மெலிந்து, அங்கிருந்து மெல்லப் பருத்து, மறுபடி ஒடுங்கி, உச்சியில் சாய்வாகச் சீவிவிட்ட ஒரு நீள்வட்டத்தில் முடிகிறது. முடிகிறது என்று சொல்வதா, திறக்கிறது என்று சொல்வதா தெரியவில்லை. கூவுவதற்கு வாய் திறந்த பறவை அந்தச் சாய்வில்தான் இருக்கிறது. உடம்பு முழுக்கக் கண்ணாடி மெருகு. கிட்டே போனால் நாமே ஒரு கம்பி போல இழுபட்டு அதன் வளைவில் நெளிகிறோம். நகர்ந்தால் அறையின் விளக்குகள் எல்லாம் கீழிருந்து மேலாக ஓடுகின்றன. பறப்பது அந்த ஓட்டம்தான் என்று எனக்குத் தோன்றும்.

சித்தி பழக்கதோஷத்தில் இதற்கும் கேட்டார். “இது எந்தக் கோயிலுக்குச் செய்தது?”

“இந்தூரில் ஒரு மகாராஜா கட்டுவதாக இருந்த கோயிலுக்கு, சித்தி.”

“கட்டுவதாக இருந்த என்றால்?”

“கடைசிவரை கட்டவில்லை.”

“கோயிலே கட்டாமல் உற்சவரைச் செய்துவிட்டார்களா? மூலவர் யார்?”

“மூலவர் இல்லை. நடுவில் ஒரு தண்ணீர்த் தொட்டி இருந்திருக்கும். அதைச் சுற்றி இது ஒன்று, கறுப்புக் கல்லில் ஒன்று, வெள்ளைக் கல்லில் ஒன்று.”

“அவை எங்கே?”

“ஆஸ்திரேலியாவில்.”

சித்தி என்னை ஒரு மாதிரியாகப் பார்த்துவிட்டு, முட்டி வலிக்கிறது என்று பெஞ்சில் போய் உட்கார்ந்துகொண்டார். அரூபக் கலையைப் பற்றி நான் கேட்ட பெரிய பெரிய சொற்பொழிவுகளில் எதுவும் இந்த நான்கு கேள்விகளைக் கேட்டதில்லை.

கையும் பீடமும்

பிரான்குசி யார் என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1876-இல் ருமேனியாவின் கோர்ஜ் வட்டாரத்தில், ஹோபிட்சா என்ற மலையடிவாரக் கிராமத்தில் பிறந்தார். ஆடு மேய்த்தார், வீட்டைவிட்டு ஓடினார், கிராயோவா நகரில் கிடைத்த வேலையெல்லாம் செய்தார், அங்கேயே கைத்தொழில் பள்ளியில் மரவேலை கற்றார். பிறகு புக்கரெஸ்ட் நுண்கலைப் பள்ளி. அங்கே ஒரு மருத்துவருடன் சேர்ந்து, தோல் உரித்த மனித உடலின் தசைகளை ஒன்றுவிடாமல் காட்டும் உருவம் ஒன்றைச் செய்தார். உருவம் செய்ய வராதவர்கள்தான் அரூபத்துக்குப் போகிறார்கள் என்று நம்மிடையே ஒரு நினைப்பு உண்டு; அப்படி நினைப்பவர்கள் அதன் படத்தைத் தேடிப் பார்க்கலாம். 1904-இல் பாரிஸ் போய்ச் சேர்ந்தார், வழியின் பெரும்பகுதியை நடந்தே கடந்து. 1907-இல் பிரெஞ்சுச் சிற்பி ரோதானின் பட்டறையில் சேர்ந்து, சீக்கிரமே விலகினார்.

ரோதானின் பட்டறையில் குரு களிமண்ணில் உருவம் பிடிப்பார். அதைப் பளிங்கில் பெரிதாக்குவது உதவியாளர்களின் வேலை. பிரான்குசி நேராகக் கல்லையே கொத்தத் தொடங்கினார். ‘முத்தம்’ சிற்பத்தில் இரண்டு பேரும் ஒரே கல்லுக்குள்தான் இருக்கிறார்கள், கல் இன்னும் கல்லாகவே இருக்கிறது. தன்னை அரூபச் சிற்பி என்று அழைத்தவர்கள்மேல் அவருக்குக் கோபம் வரும். தான் செய்வதே நிஜம் என்பது அவர் கட்சி. பறவையை 1910 வாக்கில் ருமேனிய நாட்டுப்புறக் கதைகளில் வரும் மாயப் பறவையிலிருந்து தொடங்கினார். அதற்கு அப்போது கழுத்தும் மார்பும் காலும் இருந்தன. பத்தாண்டுக்கும் மேலாக ஒவ்வொன்றாகக் கழன்று விழுந்து, 1923-இல் ‘விண்ணில் பறவை’ ஆயிற்று. அதிலேயே பளிங்கில் 7, வெண்கலத்தில் 9 என்று 16 இருக்கின்றன. ஒரே அச்சில் எடுத்தவை அல்ல. வார்ப்பகத்திலிருந்து வந்த வெண்கலத்தை அரம் போட்டு, தேய்த்து, மெருகேற்றி, ஒவ்வொன்றின் இடையையும் அவரே தன் கையால் தீர்மானித்தார். கீழ்த்தளத்து அம்மனின் முகத்தை வழவழப்பாக்க ஓர் ஊரின் அத்தனை தலைமுறைக் கைகள் வேண்டியிருந்தன. மேல்தளத்தில் ஒரே ஆளின் கை. இரண்டையும் ஒரே மதியத்தில் பார்த்தவர்கள் தொழில்நுட்பம் பற்றி மட்டும் பேசிவிட்டுப் போக முடியாது.

பீடங்களையும் அவரே செய்தார். சுண்ணாம்புக் கல்லில் சிலுவை வடிவம், அதன்மேல் ஓக் மரத்தில் ரம்பப்பல், அதன்மேல் உருளை, அதன்மேல் சிற்பம். எது பீடம், எது சிற்பம் என்று கோடு போடத் திணறுவோம். பாரிஸில் அவருடைய பட்டறையில் ஒரு சிற்பம் விற்றுப் போய்விட்டால், அந்த இடம் காலியாக இருப்பதைப் பொறுக்காமல் அதன் பிளாஸ்டர் பிரதியைக் கொண்டுவந்து அங்கே நிறுத்துவார். கடைசி ஆண்டுகளில் புதிதாக ஏறக்குறைய எதுவும் செய்யவில்லை; இருப்பவற்றை இடம் மாற்றி இடம் மாற்றி வைத்துக்கொண்டே இருந்தார். 1956-இல் பட்டறையை இருக்கிறபடியே காக்கவேண்டும் என்ற நிபந்தனையோடு பிரெஞ்சு அரசுக்கு எழுதிவைத்தார். மறு ஆண்டு இறந்தார். பிறகு பாரிஸில் பொம்பிடு கலை மையத்தின் எதிரே, கட்டடக் கலைஞர் ரென்சோ பியானோ 1997-இல் அமைத்த கட்டடத்தில் அந்தப் பட்டறை கண்ணாடிச் சுவருக்குப் பின்னால் இருந்தது. உளி, அரம், ரம்பம் எல்லாம் சுவரில் தொங்கின. உள்ளே காலடி வைக்க முடியவில்லை. சுற்றி வந்து எட்டிப் பார்க்கத்தான் முடிந்தது.

இங்கே ஒன்றைச் சொல்லவேண்டும். ரோதான் இந்தியாவுக்கு வந்ததில்லை. சென்னை அருங்காட்சியகத்து நடராஜரின் புகைப்படங்களை வைத்துக்கொண்டு உருகி உருகி எழுதினார். அது அவர் இறந்த பிறகு, 1921-இல் அச்சானது. பட்டும் மாலையும் நீங்கிய நடராஜரை, தீபம் இல்லாமல், வெறும் வளைவுகளாகவும் எடையாகவும் பார்க்கும் பழக்கம் உலகத்துக்கு அப்படித்தான் பரவியது. நம் திருமேனிகளை இன்று மியூசியங்கள் வைக்கும் விதம், வெற்றுச் சுவர், தனிப் பீடம், மேலிருந்து ஒற்றை விளக்கு, நவீனச் சிற்பத்தைப் பார்க்கக் கற்றுக்கொண்ட கண் ஏற்படுத்திய விதம். பசதேனாவில் கீழ்த்தளமும் மேல்தளமும் ஒரே மாதிரி இருப்பதற்குக் காரணம் அதுதான். அம்மன் அலங்காரத்தை இழந்தார். பறவை தொட்டியை இழந்தது. இழந்த பிறகு இரண்டும் ஒரே இனமாகிவிட்டன.

இந்தூர்

யஷ்வந்த் ராவ் ஹோல்கர் இந்தூரின் கடைசி மகாராஜா. ஆக்ஸ்போர்டில் படித்தவர். 1930-களின் தொடக்கத்தில் எக்கார்ட் முத்தேசியுஸ் என்ற இளம் ஜெர்மானியக் கட்டடக் கலைஞரைக் கொண்டு மாணிக் பாக் அரண்மனையைக் கட்டினார். இந்திய அரண்மனை என்றதும் நினைவுக்கு வரும் தூபியும் வளைவும் கிடையாது. உலோகமும் கண்ணாடியுமான அறைகலன்கள், ஐரோப்பாவின் பெயர்பெற்ற வடிவமைப்பாளர்கள் செய்தவை. பாரிஸில் எழுத்தாளரும் கலைத் தரகருமான ஆன்ரி-பியர் ரோஷே வழியாகப் பிரான்குசியின் அறிமுகம் கிடைத்தது. முதலில் வெண்கலப் பறவையை வாங்கினார். பிறகு அதற்குத் துணையாகக் கறுப்புப் பளிங்கில் ஒன்று, வெள்ளைப் பளிங்கில் ஒன்று. அதோடு சேர்ந்து வளர்ந்ததுதான் கோயில் யோசனை. ஆக, உற்சவர் முதலில் வந்தார் என்று சித்தி சொன்னது வரலாற்றுப்படி மிகச் சரி.

அந்தக் கோயில் எப்படி இருந்திருக்கும் என்பதற்கு, கேட்டவர்களும் கூட இருந்தவர்களும் சொன்ன விவரங்கள்தான் ஆதாரம். அவை ஒன்றுக்கொன்று கொஞ்சம் மாறுகின்றன. பொதுவாக வருபவை இவை. அரண்மனைத் தோட்டத்தில் சிறிய கட்டடம். சன்னல் இல்லை. தரைக்கு அடியில் போகும் வழியாக நுழைய வேண்டும். உள்ளே நீர். நீரைச் சுற்றி மூன்று பறவைகள். மேலே ஒரு திறப்பு. அதன் வழியாகக் குறிப்பிட்ட வேளையில் வெயில் நேராக வெண்கலப் பறவைமேல் விழும். ஒரு நேரத்தில் ஒருவர் மட்டும் உள்ளே போகலாம். நியூயார்க்கின் குகன்ஹைம் மியூசியத்தில் இன்று ‘அரசர்களின் அரசன்’ என்ற பெயரில் நிற்கும், ஏறக்குறைய 3 மீட்டர் உயர மரச் சிற்பத்துக்கு முன்பு ‘புத்தரின் ஆன்மா’ என்ற பெயர் இருந்தது. அதுவும் இந்தூருக்கென்று கருதியதே. திபெத்தியத் துறவி மிலரேபாவின் வாழ்க்கையை வாழ்நாள் முழுக்கப் பக்கத்திலேயே வைத்துக்கொண்டிருந்தவர் பிரான்குசி. இந்தியாவில் ஒரு கோயில் கட்டித்தா என்று ஒருவர் கேட்டால் அந்த மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்று ஊகிப்பது கடினமில்லை.

இருட்டான வழி, அதன் முடிவில் குளிர்ச்சி, மேலிருந்து விழும் ஒற்றைக் கற்றை வெளிச்சம், அதில் மின்னும் உலோக மேனி. இதை நம் ஊர்க்காரர்களுக்கு விளக்கவே வேண்டாம். கர்ப்பக்கிரகத்தின் முன்னால் நின்ற எவருக்கும் இந்த அமைப்பு உடம்பிலேயே இருக்கிறது. நமக்கு வேறுபட்டுத் தெரிவது ஒன்றே ஒன்று: ஒருவர் மட்டும். நம் கோயிலில் அந்த இருட்டை முன்னால் நிற்பவரின் தோளுக்கு மேலே எட்டித்தான் பார்க்கிறோம். இடி, நெரிசல், மணி, பக்கத்து வீட்டு அம்மாள் கையில் தேங்காய்த் தட்டு.

1937-இல் மகாராணி சம்யோகிதா தேவி இளம் வயதிலேயே சுவிட்சர்லாந்தில் இறந்தார். அந்த ஆண்டின் கடைசியில் பிரான்குசி இந்தியாவுக்குக் கப்பலேறினார். 61 வயது. மூன்று பறவைகளும் ஏற்கெனவே முடிந்துவிட்டன. இடம் பார்ப்பது, கட்டடத்தைத் தொடங்குவதுதான் பாக்கி. 1938-இன் தொடக்கத்தில் இந்தூரில் இருந்தார். ஒரு செங்கல்கூட வைக்கவில்லை. திரும்பிவிட்டார். மகாராஜாவின் மனம் அதில் இல்லை. இருவருக்காக என்று நினைத்த இடத்துக்கு ஒருவர் இல்லாமல் போனபின் இன்னொருவருக்கு ஆர்வம் போய்விட்டது என்று நான் எடுத்துக்கொள்கிறேன். உடல்நலம், அரசியல், பணம் என்று வேறு காரணங்களையும் சொல்கிறார்கள். எதுவும் இதை மறுக்கவில்லை.

அதே குளிர்காலத்துக்கு இரு பக்கமும்

இந்தப் பயணத்தை இழப்பு என்று மட்டும் எழுதுபவர்கள் நாட்காட்டியைப் பார்ப்பதில்லை. இந்தியாவுக்குக் கிளம்புவதற்கு முந்தைய மாதங்களில் அவர் தன் சொந்த வட்டாரத்துத் தலைநகரான தர்கு ஜியுவில் ‘முடிவில்லாத் தூண்’ எழுவதை மேற்பார்த்துக்கொண்டிருந்தார். இந்தூரிலிருந்து திரும்பிய பிறகு அதே ஊரில் ‘மௌனத்தின் மேசை’, ‘முத்தத்தின் வாயில்’ இரண்டையும் முடித்தார். 1938 அக்டோபரில் திறப்பு விழா நடந்தது. நடக்காத கோயிலும் நடந்த நினைவுச்சின்னமும் ஒரே ஆளின் ஒரே ஆண்டு வேலை.

தூண் 29 மீட்டருக்குமேல் உயரம். வார்ப்பிரும்பில் ஒரே அளவுள்ள அலகுகள், நடுவில் உருக்குத் தண்டு, மேலே பித்தளைப் பூச்சு. ஒவ்வோர் அலகும் 180 சென்டிமீட்டர் உயரம், அகன்ற இடத்தில் 90, குறுகிய இடத்தில் 45. 15 முழு அலகுகள். அடியிலும் உச்சியிலும் பாதி. உச்சியில் பாதியிலேயே நின்றுவிடுவதால் கண் நிற்காமல் மேலே போய்க்கொண்டே இருக்கிறது. அலகுகளைப் பெட்ரோஷானி பட்டறையில் வார்த்தார்கள். பொறியாளர் ஷ்டெபான் ஜியோர்ஜெஸ்கு-கோர்ஜான் கணக்குப் போட்டார். கேட்டது ஒரு மன்னர் அல்ல. முதல் உலகப் போரில், 1916-இல் அந்த ஊர் ஆற்றங்கரையில் ஜெர்மானியப் படையை மறித்து மாண்டவர்களுக்கு நினைவுச்சின்னம் வேண்டும் என்று கோர்ஜ் பெண்கள் சங்கம் கேட்டது. முதலில் பிரான்குசியின் மாணவி மிலிட்சா பெட்ராஷ்குவிடம்தான் போனார்கள். அவர் என் குருவைக் கேளுங்கள் என்றார். பிரான்குசி கூலி வாங்கவில்லை.

அந்தச் சின்னத்தின் நேர்கோட்டில் ஊர்த் தேவாலயம் நிற்கிறது. தூணுக்கும் வாயிலுக்கும் நடுவே வீடுகள், கடைகள், சந்தடி. மேசையைச் சுற்றிப் போட்ட 12 கல் இருக்கைகள் பொதுப் பூங்காவில்தான் இருக்கின்றன. கம்யூனிஸ்ட் ஆட்சியின் தொடக்கத்தில் தூணைப் பழைய இரும்புக்காக இழுத்துச் சாய்க்கப் பார்த்ததாகவும், அது அசையவில்லை என்றும் ஊரில் கதை உண்டு. 1996-இல் துருவை நீக்க முழுதாகக் கழற்றினார்கள். 2000-இல் திரும்ப நிறுத்தினார்கள். 2024 ஜூலையில் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தார்கள். சேர்த்த கூட்டம் எங்கே நடந்தது தெரியுமா? புது டெல்லியில். இந்தியா அவருக்கு ஏதோ ஒன்றைக் கொடுத்துவிட்டது, எண்பத்தாறு ஆண்டு தாமதமாக, வேறு ஊரில் உள்ள வேறு வேலைக்கு.

இரண்டு நடராஜர்கள்

ஓர் ஒற்றுமையைச் சொன்னால் நான் ஜோடித்தேன் என்பீர்கள். மகாராஜா 1961-இல் இறந்தார். வெண்கலப் பறவை கைமாறிப் பசதேனாவுக்குப் போனது. கறுப்பும் வெள்ளையும் 1973-இல் கான்பெராவின் ஆஸ்திரேலிய தேசியக் காட்சியகத்துக்குப் போயின. பறவைகளை வாங்கிய அந்த இரண்டு இடங்களுமே ஒரு காலத்தில் ஆளுக்கொரு தமிழ்நாட்டு நடராஜரையும் வைத்திருந்தன. இரண்டு நடராஜர்களுமே கோயிலிலிருந்து களவு போனவர்கள். இருவரையும் திருப்பித் தரவேண்டியதாயிற்று.

பசதேனாவுடையது சிவபுரம் நடராஜர். 1951-இல் கும்பகோணத்துக்குப் பக்கத்துச் சிவபுரத்தில் மண்ணிலிருந்து கிடைத்து, கோயிலில் சேர்ந்து, பழுதுபார்க்கப் போன இடத்தில் போலி திரும்பி வந்து அசல் வெளியேறியது. கோயிலில் இருப்பது போலி என்று 1960-களில் ஒரு பிரிட்டிஷ் அறிஞர் எழுதும்வரை ஊர் போலிக்குத்தான் தீபாராதனை காட்டிக்கொண்டிருந்தது. நார்ட்டன் சைமன் வாங்கினார், இந்திய அரசு வழக்குப் போட்டது, உடன்பாடு ஏற்பட்டு, 1986-இல் நடராஜர் திரும்பினார். கான்பெராவுடையது அரியலூர் மாவட்டத்து ஸ்ரீபுரந்தான் நடராஜர். 2008-இல் நியூயார்க் வியாபாரி ஒருவரிடமிருந்து சுமார் 50 லட்சம் அமெரிக்க டாலருக்கு வாங்கினார்கள். 2014 செப்டம்பரில் ஆஸ்திரேலியப் பிரதமரே டெல்லிக்குக் கொண்டுவந்து ஒப்படைத்தார்.

ஸ்ரீபுரந்தான் விவகாரத்தில் என்னைத் தூங்கவிடாத பகுதி களவு அல்ல. 2006 வாக்கில் திருட்டு நடந்தது. 2008-இல் அதிகாரிகள் போய்க் கதவைத் திறந்தபோதுதான் சாமிகள் இல்லை என்பது தெரிந்தது. கோயில் நெடுநாளாகப் பூட்டிக் கிடந்தது. பூசை இல்லை, விளக்கு இல்லை. சோழன் கட்டிய கோயில் இருந்தது, கர்ப்பக்கிரகம் இருந்தது, இருட்டும் குளிர்ச்சியும் எல்லாம் அப்படியே இருந்தன. பார்க்க வருகிறவர்தான் இல்லை. இந்தூரில் சிற்பம் இருந்து இடம் இல்லாமல் போனது. இங்கே இடம் இருந்தும் கேட்பாரில்லாமல் போனது. திரும்பி வந்த திருமேனிகள் பலவும் இன்னும் சந்நிதிக்குப் போகவில்லை; பாதுகாப்பு மையங்களில், பெரும்பாலும் பூட்டுக்குப் பின்னால், எண் கட்டிய அட்டையோடு இருக்கின்றன. பாதுகாப்புக் காரணம் எனக்குப் புரிகிறது. ஆனால் மியூசியத்திலாவது சித்தியைப் போன்ற ஒருவர் எதிரே வந்து நின்று எந்த ஊர் என்று கேட்பார்.

இதையெல்லாம் கோத்துப் பார்த்த பிறகு, இந்தூர்க் கோயில் கட்டாமல் போனதைப் பெரும் சோகம் என்று சொல்லும் கட்டுரைகளோடு என்னால் ஒத்துப்போக முடியவில்லை. ஒருவர் மட்டும் நுழையும் இடம், ஒரு ஜோடியின் விருப்பத்தின்மேல் நின்ற இடம். கட்டியிருந்தாலும் 1948-இல் சமஸ்தானம் இந்திய யூனியனோடு கலந்த பிறகு அதன் சாவி யார் கையில் இருந்திருக்கும்? அரண்மனையின் அறைகலன்கள் 1980-இல் மொனாக்கோவில் ஏலம் போயின. அரண்மனையில் இன்று மத்திய கலால், சுங்க வரி அலுவலகம். பறவையைப் பாத்திரக் கணக்கில் சேர்த்த துறையின் இந்தியச் சகோதரர்கள்! அந்தத் தோட்டத்தில் சன்னல் இல்லாத ஒரு சின்னக் கட்டடம் நின்றிருந்தால் பழைய கோப்புகள் போட்டுவைக்க வசதியாக இருந்திருக்கும்.

ஒரு நண்பர் விடவில்லை. பிரான்குசியின் வாரிசுரிமை உள்ளவர்களிடம் அனுமதி பெற்று, மூன்று புதிய வார்ப்புகள் எடுத்து, இந்தூரில் இப்போதாவது கட்டலாமே என்றார். சுற்றுலாத் துறை சந்தோஷமாக ஒப்புக்கொள்ளும் என்றார். அதுதான் பயமே என்றேன். இடையை எவ்வளவு மெலிக்கவேண்டும் என்று ஒவ்வொரு முறையும் கையால் தீர்மானித்தவருக்கு மின்சாரச் சாணையில் மூன்று பறவை. ஒருவர் மட்டும் நுழையும் வழியில் வரிசைக் கம்பி, டிக்கெட், செல்ஃபிக்கு 30 வினாடி. அப்படியானால் இருக்கும் மூன்றையும் திருப்பிக் கேட்போம் என்றார். எதைச் சொல்லிக் கேட்பது? அவை களவு போனவை அல்ல. வாங்கியவரின் சொத்து, விற்றாயிற்று. சிவபுரத்துக்கும் ஸ்ரீபுரந்தானுக்கும் பேசிய நியாயத்தை இங்கே இழுத்தால் அந்த நியாயம்தான் நீர்த்துப்போகும். வேண்டுமானால் மூன்றையும் சில மாதங்களுக்கு இரவல் கேட்டு டெல்லியில் ஒரே அறையில் வைக்கலாம். கொண்டுவரும் செலவும் காப்பீடும் தலையைச் சுற்றும், அந்த மெல்லிய பளிங்குக் கால்களைக் கப்பலிலோ விமானத்திலோ அனுப்ப எந்தக் காப்பாளரும் துணிய மாட்டார். ஆனாலும் கேட்டுப் பார்ப்பதில் தவறில்லை.

அதுவரை செலவில்லாத வேலை ஒன்று இருக்கிறது. மாணிக் பாக் தோட்டத்தில், வரி அலுவலகத்தார் மறுக்காவிட்டால், ஒரு பலகை வைக்கலாம். யார் கேட்டார், யார் வந்து பார்த்தார், எப்போது திரும்பிப் போனார், மூன்று பறவைகளும் இப்போது எந்த ஊரில் எந்தக் கட்டடத்தில் இருக்கின்றன என்று இந்தியிலும் ஆங்கிலத்திலும் எழுதினால் போதும். பசதேனாவிலும் கான்பெராவிலும் அதே தகவலைப் பறவைகளின் அட்டையில் சேர்க்கலாம். கீழ்த்தளத்து அம்மனுக்கும் ஊர்ப் பெயர் தெரிந்தால் எழுதட்டும். தெரியாவிட்டால் தெரியாது என்று எழுதட்டும்.